ஆதிவேந்தரின் காது

"கையுறை எதுக்கும்மா டாக்டரு? எங்க முப்பாட்டனத் தொட எனக்கே கையுறையா?"

கோதண்ட பூபதி இப்படிக் கேட்டதுமே, அன்றைய பொழுது எப்படிப் போகப்போகிறது என்பது இசக்கியம்மாளுக்கு விளங்கிவிட்டது. இன்னும் குகைக்குள் காலெடுத்துக்கூட வைக்கவில்லை. உறைபாழி என்ற அந்தக் குகையின் வாசலில் மூன்று பேரும் வெள்ளைப் பிளாஸ்டிக் உடுப்புக்குள் நுழைந்துகொண்டிருந்தார்கள். மேல்மலைக் காற்று காதை அறுத்தது. பூபதியின் உடுப்பு வயிற்றைத் தாண்டி மேலே ஏறமாட்டேன் என்று அடம்பிடித்தது. அதற்கும் அவர் உடுப்பைத்தான் குறை சொன்னார்.

"அது உங்க முப்பாட்டனா, என் முப்பாட்டியான்னு அந்த எலும்பே சொல்லட்டும் அண்ணாச்சி. அதுவரைக்கும் கையுறையப் போடுங்க. முகக்கவசத்த மூக்குக்கு மேல ஏத்துங்க. நாடியில மாட்டுததுக்கு அது தாடி இல்ல" என்றாள் இசக்கி.

பழைய எலும்புகளிலிருந்து மரபணுவைப் பிரித்தெடுத்து, மனிதக் கூட்டம் எங்கிருந்து கிளம்பி எந்த வழியாக எங்கே போய்ச் சேர்ந்தது என்று தேடுவது இசக்கியின் வேலை. குளிர் நாட்டுக்காரர்களுக்கு இது சுலபம். பனியில் கிடந்த எலும்பில் மரபணு அப்படியே இருக்கும். நம் ஊர் வெயிலில் எலும்பே மிஞ்சினால் பெரிய காரியம். முதுமக்கள் தாழி எலும்புகளைப் பொடித்துப் பொடித்து, மாவுமில்காரி மாதிரி முகமெல்லாம் வெளுத்துப் போனதுதான் இத்தனை வருடத்தில் அவள் கண்ட பலன். ஆய்வக இயக்குநர் கடைசியில் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார். இந்த முறையும் வெறுங்கையோடு வந்தால் திட்டத்தை இழுத்து மூடிவிட்டு வாழைப் பிரிவுக்குப் போக வேண்டியதுதான். "வாழைக்கும் மரபணு இருக்கேம்மா" என்று ஆறுதல் வேறு. அந்த ஆறுதலை நினைக்கும்போதெல்லாம் இசக்கிக்குப் பற்றிக்கொண்டு வரும்.

அந்த நேரத்தில்தான் பெலிக்ஸ் ஒரு படம் அனுப்பினான். அவன் கொடைக்கானல்காரன். கயிறு கட்டிக் குகைகளுக்குள் இறங்குவதே பிழைப்பு. போன கோடையில் உறைபாழியின் அடி அறைக்குள் இறங்கியபோது, கல்லோடு கல்லாக ஒட்டிக்கிடந்த ஒரு மண்டையோட்டைக் கண்டிருந்தான். வருடம் முழுவதும் ஜில்லென்று இருக்கிற குகை. மேலே சொட்டுகிற சுண்ணாம்புத் தண்ணீர் இறுகி, எலும்பைப் பாதி மூடியிருந்தது. மிகமிகப் பழையது என்று பார்த்தவுடனே தெரிந்தது. படத்தைப் பார்த்த இசக்கி, ஆய்வகத்து நடுவில் ஒரு குதி குதித்தாள்.

எல்லாம் சரி, வழி? வழி பூபதியின் காப்பித் தோட்டத்துக்குள் புகுந்துதான் போகிறது. "தாராளமாப் போங்க. ஆனா நானும் வருவேன்" என்றுவிட்டார் அவர். ஏனென்றால் பூபதி, ஆதிவேந்தர் பேரவையின் நிறுவனத் தலைவர். உலகில் முதன்முதலாக மனிதன் தோன்றியது அந்த மலையில்தான் என்பதும், அந்த மனிதன் தன் வம்சத்து ராஜா என்பதும், மற்ற எல்லோரும் வந்தேறிகள் என்பதும் பேரவையின் கொள்கை. தாலுகா ஆபீஸ்காரன் வந்தேறி. டீக்கடைக்காரன் வந்தேறி. பேரைக் கேட்டமாத்திரத்தில் பெலிக்ஸும் வந்தேறி. தோட்டத்தில் நிற்கிற காப்பிச்செடி எங்கிருந்து வந்தது என்று மட்டும் அவர் ஒருநாளும் யோசித்ததில்லை.

இப்படிப்பட்டவரைக் கூட்டிக்கொண்டு போவதற்கு ஒரு காட்டெருமையைக் கூட்டிக்கொண்டு போகலாம் என்பது இசக்கியின் எண்ணம். அதை அவள் முகம் மறைக்கவும் இல்லை.

புறப்படுமுன் மூன்று பேரின் உள்கன்னத்திலும் பஞ்சுக்குச்சியால் தடவி மாதிரி எடுத்துக்கொண்டாள். இந்த வேலையில் அது வழக்கம். எலும்பில் யாருடைய எச்சிலோ வியர்வையோ கலந்துவிட்டால், குற்றவாளி யார் என்று பிடிக்க அது வேண்டும். பூபதியோ தன் ராஜ ரத்தத்துக்குச் சான்று எடுக்கிறார்கள் என்று நினைத்து வாயை ஆவென்று திறந்தார். தலைக்கவசத்தில் ஒரு குட்டிக் கேமராவையும் மாட்டியிருந்தார். ஆதிவேந்தரை வாரிசு சந்திக்கும் காட்சியைப் பேரவை விழாவில் திரைபோட்டுக் காட்ட வேண்டுமாம். கையில் வெள்ளிப்பூண் போட்ட தடி.

குகை வாசலைத் தாண்டியதும் மண்டபம்போல ஓர் அறை. அதன் மூலையில் தரையோடு தரையாக ஒரு பொந்து. அதற்குள் தவழ்ந்து போனால் ஒரு செங்குத்துப் பள்ளம், அதில் கயிறு கட்டி இறங்கினால் அடி அறை. பொந்துக்குப் பக்கத்துச் சுவரில், இடுப்புயரத்தில் இன்னொரு பிளவு இருந்தது. அதிலிருந்து மெல்லிய ஊற்று கசிந்து பொந்துக்குள் வழிந்துகொண்டிருந்தது.

"ராஜா தவழ்ந்தா போயிருப்பாரு? இதான் ராஜபாட்டை" என்று பூபதி அந்தப் பிளவுக்குள் தலையைக் கொடுத்தார்.

"சார், அது முட்டுச்சந்து. தண்ணி வர்ற வழி" என்றான் பெலிக்ஸ்.

யார் கேட்டார்கள்? தலை போனது, தோள் போனது, வயிறு நின்றது. முன்னாலும் போக முடியவில்லை, பின்னாலும் வர முடியவில்லை. ஆதிவேந்தரின் வாரிசு ராஜபாட்டையில் காலை உதைத்துக்கொண்டு கிடந்தார். கசிந்துகொண்டிருந்த ஊற்றும் அப்படியே நின்றுபோனது.

"மடையில அடைச்ச மண்மூட்டை மாதிரில்லா இருக்கு" என்றாள் இசக்கி. "விடும் பெலிக்ஸ், மழைக்காலம் வரைக்கும் இங்கனயே கிடக்கட்டும். அணைக்கட்டுக்காவது ஆகும்."

பெலிக்ஸ் சிரிப்பை அடக்கிக்கொண்டு இரண்டு காலையும் பிடித்து இழுத்துப்போட்டான். பிறகு ராஜா தவழ்ந்தார். கயிற்றில் இறக்கும்போது வழிநெடுகப் பேசிக்கொண்டே இறங்கினார்.

அடி அறையில் பெலிக்ஸ் விளக்கைத் திருப்பிக் காட்டினான். மண்டையோடு ஒருக்களித்துக் கிடந்தது. வலது பக்கம் முழுவதும் வெள்ளைக் கல்லுக்குள் புதைந்திருந்தது. இடது பக்கம் வெளியே தெரிந்தது. கழுத்து இருந்த இடத்தில், ஓட்டை போட்ட சிறு சிப்பி ஒன்று கல்லில் பதிந்து மினுங்கியது.

அவர்கள் தேடிவந்த புதையல் இதுதான். அதிலும் ஒரே ஓர் எலும்பு. காதுக்கு உள்ளே, கேட்கிற உறுப்பைப் பொத்திவைத்திருக்கும் எலும்பு. உடம்பிலேயே கெட்டியானது அதுதான் என்பதால், மற்ற எலும்பெல்லாம் உளுத்துப்போனாலும் மரபணு அதற்குள் பத்திரமாக இருக்கும். தலைக்கு இரண்டே இரண்டு. வலது காது கல்லுக்குள் இருந்ததால் இடது காதைத்தான் எடுக்க முடியும். இசக்கி மூச்சைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டாள். சுற்றியிருந்த மண்ணைத் தூரிகையால் தள்ளினாள். நுண்கருவியை எடுக்கப் பையின் பக்கம் திரும்பினாள்.

திரும்பிப் பார்த்தபோது பூபதி கையுறையைக் கழற்றிவிட்டு, உடுப்புக்குள்ளிருந்து விபூதிப் பொட்டலத்தை எடுத்து, மண்டையோட்டின் நெற்றியில் பட்டையாக இழுத்துக்கொண்டிருந்தார்.

இசக்கிக்குக் கண் இருண்டது. முகக்கவசத்தைப் பிடுங்கிக் கீழே இழுத்துவிட்டு மண்டையோட்டுக்கு மேலேயே பாய்ந்தாள்.

"உமக்குக் கூறு இருக்காவே? படிச்சுப் படிச்சுச் சொன்னேனே, மண்டைக்குள்ள ஏறுச்சா? அந்த மண்டையில இருக்கதுகூட உம்ம மண்டையில இல்லையே. விபூதியாம் விபூதி. ஆயிரமாயிரம் வருசம் ஒருத்தரும் தொடாமக் கிடந்ததை ஒரு நொடியில நாசமாக்கிட்டீரே."

அவள் நிறுத்துவதற்கு வெகுநேரம் ஆனது. அடி அறை முழுவதும் எதிரொலி. பெலிக்ஸ் மேற்கூரையைப் பார்த்தான். பிறகு அவள் முகக்கவசத்தை மாட்டிக்கொண்டு, இடது காது எலும்பைத் தனியாக எடுத்துச் சீல் வைத்தாள்.

சில வாரம் கழித்து ஆய்வகத்தில் முடிவு வந்தது. பழைய மரபணு துண்டுதுண்டாக அறுந்து, ஓரங்களில் சிதைந்திருக்கும். இதுவோ நீளநீளமாக, பளபளவென்று, நேற்றுத் துப்பிய எச்சில் மாதிரி இருந்தது. பழையது ஏதாவது இருந்திருந்தாலும் அந்த வெள்ளத்தில் மூழ்கிப்போயிருந்தது. இசக்கி அடுத்த நொடியே பூபதிக்குப் போன் போட்டாள். மாதிரிகளை ஒப்பிட்டுப் பார்க்கிற வரைக்கும்கூடப் பொறுக்கவில்லை. ஒப்பிட என்ன இருக்கிறது? கண்ணால் கண்டதுதானே.

"சந்தோசமா அண்ணாச்சி? உங்க முப்பாட்டன் கிடைச்சுட்டாரு. முழுக்க முழுக்க நீங்கதான். உங்க அழுக்குக் கையால என் உழைப்பையே துடைச்சுப் போட்டாச்சு. இனி எவனையாவது வந்தேறின்னு சொல்லுததுக்கு முன்னால அந்தக் கைய ஒருதரம் பாத்துக்கிடுங்க."

மறுமுனையில் மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. பூபதி பதில் பேசாதது அவள் அறிந்து அதுவே முதல் தடவை. அவளுக்கு அது இனித்தது என்றுதான் சொல்ல வேண்டும். அன்றைக்குச் சாப்பாடுகூட ஒரு கவளம் கூடுதலாக இறங்கியது.

மறுநாள் ஒப்பீடு வந்தது. எலும்பில் இருந்தது ஒரு பெண்ணின் மரபணு. கன்னத்து மாதிரிகளில் பெண் ஒருத்திதான் உண்டு. கம்ப்யூட்டர் அவள் பெயரைத்தான் காட்டியது. இசக்கியம்மாள். சந்தேகத்துக்கே இடமில்லாமல் இசக்கியம்மாள்.

விபூதி நெற்றியோடு நின்றிருந்தது. காதுக்கு நேரே முகக்கவசமில்லாமல் குனிந்து, எச்சில் தெறிக்கத் தெறிக்கக் கத்தியது யார்? உலகத்துக்கெல்லாம் சுத்தம் சொல்லிக்கொடுத்த அம்மணிதான். படித்த படிப்பும் எழுதிய விதிமுறைகளும் அவள் வாயைக் கட்டிப்போட உதவவில்லை. இசக்கி நாற்காலியில் உட்கார்ந்தபடியே வெகுநேரம் கிடந்தாள். அவமானத்தில் காதெல்லாம் சுட்டது. பிறகு போனை எடுத்தாள். எடுத்துத்தானே ஆக வேண்டும். இன்னொரு காது மலையில் இருக்கிறது. ஐப்பசி மழை எந்த நேரமும் பிடித்துக்கொள்ளும். ஊற்று பெருகினால் அடி அறை குளமாகிவிடும். ஏற்கெனவே ஒரு பக்கம் பெயர்த்த மண்டையோடு அதில் மிஞ்சாது. வழியோ பூபதியின் தோட்டத்துக்குள் போகிறது.

"அண்ணாச்சி..." என்று இழுத்தாள்.

"தெரியும்மா" என்றார் பூபதி. "நீ வஞ்சதுக்குப் பெறகு, அன்னிக்கு எடுத்த படத்தப் போட்டுப் பாத்தேன். நான் நெத்தியிலதான் பூசிருக்கேன். காதுக்கிட்ட குனிஞ்சு நின்னு கத்துனது நீயி."

"தெரிஞ்சும் ஏன் சொல்லல?"

"யாருகிட்டச் சொல்ல? உங்க பெரிய ஆபீசர்கிட்டச் சொன்னா உன்னைய வாழைக்கு மாத்திருவாய்ங்கன்னு பெலிக்ஸு சொன்னான். வாழைத் தோப்பும் வச்சுப் பாத்தவன்மா நான். அது ஒரு வேலையா?"

அவள் மன்னிப்புக் கேட்க ஆரம்பித்தாள். பூபதி விடவில்லை.

"அதெல்லாம் இருக்கட்டும். நாளைக்கே கெளம்பி வா. ஒரே ஒரு நிபந்தனை. குகைக்குள்ள ஒருத்தரும் வாயத் தொறக்கக் கூடாது. நானும் தொறக்க மாட்டேன், நீயும் தொறக்கக் கூடாது."

மழை அவர்களுக்கு முன்பே மலைக்கு வந்து சேர்ந்திருந்தது. தோட்டத்துப் பாதை சேறாகி முழங்கால்வரை இழுத்தது. அட்டைகள் காலணிக்குள் புகுந்தன. குகைக்குள் பிளவிலிருந்து தண்ணீர் குழாயாக ஊற்றிக்கொண்டிருந்தது. பொந்துக்குள் பாதியளவு ஓட்டம். பெலிக்ஸ் அதைப் பார்த்துவிட்டு, சீக்கிரம் என்று கையால் சைகை காட்டினான். பூபதி மேல் மண்டபத்தில் காவலுக்கு நிற்பது என்று வாசலிலேயே பேசி முடித்திருந்தார்கள். தண்ணீர் ஏறினால் தடியால் பாறையில் தட்ட வேண்டும். அவருடைய முகக்கவசம் மூக்குக்கு மேல் ஒழுங்காக ஏறியிருந்தது.

இசக்கியும் பெலிக்ஸும் தவழ்ந்தார்கள், இறங்கினார்கள். அடி அறையில் கணுக்கால் தண்ணீர். மண்டையோட்டின் வலது பக்கத்தைக் கல் விடாமல் கவ்விக்கொண்டிருந்தது. எலும்பைக் கல்லிலிருந்து பிரித்தால் உடைந்துவிடும். அப்போதுதான் அவளுக்குப் புத்தியில் பட்டது. பிரிக்கவே வேண்டாம், கல்லோடு சேர்த்தே அறுத்து எடுத்துவிடலாம். விபூதியும் புகாத, எச்சிலும் புகாத மூடி அந்தக் கல்தான். பிரிப்பதை ஆய்வகத்தில் வைத்துக்கொள்ளலாம். அவள் சிறு ரம்பத்தை எடுத்துக் கல்லை அறுக்கத் தொடங்கினாள்.

டொக், டொக் என்று மேலேயிருந்து சத்தம் வந்தது. தண்ணீர் முழங்காலுக்கு வந்திருந்தது. பெலிக்ஸ் அவள் தோளைத் தொட்டான். அவள் தலையை ஆட்டினாள். இன்னும் விரல் அகலம் பாக்கி. டொக் டொக் டொக் டொக் என்று தடி இப்போது வெறிபிடித்ததுபோல இடித்தது. பிறகு சட்டென்று நின்றுபோனது.

அந்த அமைதி இடியைவிட மோசமாக இருந்தது. என்ன ஆனது என்று கத்திக் கேட்க இசக்கியின் வாய் துடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டாள். ரம்பம் கடைசி இழுப்பு இழுத்தது. கற்கட்டி கையோடு வந்தது. சிப்பியும் அதோடு ஒட்டிக்கொண்டு வந்தது. பெட்டிக்குள் வைத்துப் பூட்டி, அவள் மார்போடு கட்டினாள். பெலிக்ஸ் கயிற்றைப் பிடித்து மேலே தாவினான், அவளையும் இழுத்தான்.

பொந்து நிரம்பியிருக்கும், இத்தோடு முடிந்தது என்றுதான் இருவரும் நினைத்தார்கள். ஆனால் பொந்தில் தண்ணீர் இறங்கியிருந்தது. மூக்கை மேலே தூக்கிக்கொண்டு தவழ வழி இருந்தது. எப்படி என்று யோசிக்க நேரமில்லாமல் தவழ்ந்து மண்டபத்துக்கு வந்து எழுந்தார்கள்.

பிளவுக்குள் கோதண்ட பூபதி அடைத்துக்கொண்டிருந்தார். இந்த முறை பின்பக்கமாக உள்ளே போய், வயிற்றைத் திணித்து, தடியைத் தரையில் ஊன்றி, தானே போய் அடைத்துக்கொண்டிருந்தார். முதுகுக்குப் பின்னால் தண்ணீர் முட்டிக்கொண்டு தோள்வழியே பீறிட்டது. கண் இரண்டும் பிதுங்கி வெளியே வந்துவிடும்போல இருந்தன. ஆனால் முகக்கவசம் மூக்குக்கு மேல் இருந்தது. வாயிலிருந்து ஒரு முனகல்கூட வரவில்லை.

பெலிக்ஸும் இசக்கியும் ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்தார்கள். வெள்ளமும் பின்னாலிருந்து தள்ளிவிட, மூன்று பேரும் ஒன்றன்மேல் ஒன்றாக உருண்டு வாசலுக்கு வெளியே வந்து விழுந்தார்கள். பின்னால் பொந்து விளிம்புவரை நிரம்பி நுரைத்தது.

"இப்பப் பேசலாமா?" என்று பூபதி முகக்கவசத்துக்குள்ளிருந்தே கேட்டார். இசக்கி அழுதுகொண்டே தலையாட்டினாள். "மண்மூட்டைன்னு சொன்னேல்ல? அது நெனப்பு வந்துச்சு. அதான் போயி ஒக்காந்தேன்."

கல்லுக்குள்ளிருந்த வலது காது ஏமாற்றவில்லை. இந்த முறை மரபணு அறுந்து, சிதைந்து, அசல் பழசாக வந்தது. தை மாதம் இசக்கி தன் ஆய்வுரையை எழுதி முடித்தாள். முதல் மாதிரி ஆய்வாளரின் எச்சிலால் கெட்டது என்பதை முதல் பக்கத்திலேயே, தன் பெயரைப் போட்டே எழுதினாள். இயக்குநர் அந்த வரியை எடுத்துவிடலாமே என்றார். அவள் எடுக்கவில்லை. வாழைப் பிரிவைப் பற்றி அதன்பின் அவர் பேச்செடுக்கவில்லை.

ஆதிவேந்தர் பேரவை விழாவில் முடிவைச் சொல்ல அவளைத்தான் அழைத்திருந்தார்கள். பந்தல் நிரம்பி வழிந்தது. இசக்கி மைக்கைப் பிடித்தாள். அது ராஜா இல்லை, ஒரு பெண் என்றாள். அவள் ரத்தத்தில் இரண்டு கூட்டம் கலந்திருக்கிறது, ஒன்று முன்பே காட்டில் இருந்தது, மற்றது கடலோரமாக நடந்து வந்தது, கழுத்தில் கிடந்த சிப்பி கடற்சிப்பி, அந்த இரண்டு கூட்டத்துக்கும் முந்தியவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து கிளம்பியவர்கள் என்றாள். பூபதிக்கு அவள் எவ்வளவு உறவோ ஏறக்குறைய அவ்வளவுதான் தனக்கும் என்றாள். பெலிக்ஸுக்கு மட்டும் ஓர் இம்மி கூடுதல் உறவு என்றாள்.

பந்தலில் சலசலப்பு எழுந்தது. மேடையில் இருந்த பூபதி, கீழே முன்வரிசையில் உட்கார்ந்திருந்த பெலிக்ஸை மேலும் கீழும் பார்த்தார். "அப்ப அவளும் வந்தேறியாம்மா?" என்று மெல்லக் கேட்டார்.

"ஆமா அண்ணாச்சி. வராதவங்க யாருமில்ல."

அவர் கொஞ்சநேரம் தடியின் வெள்ளிப்பூணைத் தடவிக்கொண்டிருந்தார். நசுங்கிப்போன பூண் அது, பாறையில் இடித்து இடித்து நசுங்கியது. மனிதர் திருந்திவிட்டார் என்று இசக்கிக்கு நெஞ்சு நெகிழ்ந்தது. பூபதி எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டு, மைக்கை வாங்கினார்.

"கேட்டீகளாப்பா? இந்த மலைக்கு முதமுதலா வந்தேறுனதே நம்மாளுதான். நமக்கு முன்னால எவனும் வந்தேறல. நாமதான் ஆதி வந்தேறி."

பந்தல் அதிரக் கைதட்டல் எழுந்தது. இசக்கியின் நாக்கில் சொல்ல வேண்டிய சொற்களெல்லாம் வரிசை கட்டி நின்றன. ஒவ்வொன்றும் நன்றாகத் தீட்டிய சொல். பெலிக்ஸ் கீழேயிருந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் கைப்பையைத் திறந்து, முகக்கவசத்தை எடுத்து, மூக்குக்கு மேல் ஏற்றி மாட்டிக்கொண்டாள்.